எண்களைப் பேசிய நடிகர்

ரோம் நகரத்துப் படப்பிடிப்புத் தளங்களில் பந்தலேயோவை அறியாதவர் இல்லை. குள்ள உருவம், பானை வயிறு, எதற்கோ வியந்தது போல் உயர்ந்தே நிற்கும் இடப்புருவம். மணியடிக்க மறந்து உறங்கும் கோயிற் பணியாளர், மனைவியிடம் ஏமாறும் மருந்துக்கடைக்காரர், திருடன் கையை உயர்த்துமுன் தம் கையை உயர்த்திவிடும் காவலர் ஆகிய வேடங்களே அவருக்கு வாய்த்தன. அவர் முகத்தைக் கண்டதும் அரங்கு சிரிக்கும். வாய் திறந்தால் மேலும் சிரிக்கும். ஆனால், அந்த வாயிலிருந்து வந்த குரல் அவருடையதன்று.

அக்காலத்தில் படம் பிடித்து முடித்த பின்னரே ஒலியைச் சேர்த்தார்கள். தளத்தில் உதடு அசைந்தால் போதும். சிறு வேடங்களுக்குப் பெரும்பாலும் வசனமே எழுதப்பட்டிராது.

"நம்பரை எண்ணிக்கிட்டே இரு, பந்தலேயோ! பேச்சை அப்புறம் பாத்துக்கலாம்" என்பார்கள் இயக்குநர்கள்.

கோபமென்றால் தம் சொந்தக் குரலில் உரக்க எண்ணுவார்; கெஞ்சலென்றால் குழைந்து எண்ணுவார். பின்னர், ஒத்தோரீனோ என்னும் குரற்கலைஞர் தம் கரகரத்த ரோமானியக் குரலில் வசனத்தைப் பேசி முடிப்பார். பந்தலேயோவின் குரலோ மெல்லியது; தெற்கே தாம் பிறந்த மொல்ஃபெத்தாத் துறைமுகத்து மீனவர்களைப் போல ஒவ்வொரு சொல்லின் ஈற்று உயிரொலியையும் விழுங்கிவிடுவது. இளமையிலேயே ஊரைவிட்டு வந்தவர் அவர். திரைக்குரலை நம்பி, பிறந்த ஊரே அவரை ரோமானியர் என்று கருதியது.

காப்பிக் கடையில் தம் குரலில் அவர் பேசினால், "என்ன அண்ணே, தொண்டை கட்டிக்கிச்சா? படத்துல திட்டுவீங்களே, அதை எடுத்து விடுங்க!" என்பார்கள். அவரும் ஒத்தோரீனோவைப் போலவே திட்டிக் காட்டுவார். கடை அதிரும்.

"ஊருக்கெல்லாம் அவன் குரல், எனக்கு மட்டும் உன் குரல். போதாதாய்யா?" என்பார் மனைவி எர்சீலியா.

"போதாதுடி. ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, என் குரல் அங்க கேக்கணும்."

தலை நரைத்த பிறகு அவ்வாய்ப்பு வந்தது. கார்லெத்தி என்ற இயக்குநர், வடக்கே வேலைக்கு இரயிலில் செல்லும் மகளை வழியனுப்பும் சுமைக்கூலியாக அவரை நடிக்க வைத்தார். "போயிட்டு வாம்மா, கடுதாசி போடு" என்பதே வசனம். "இதை நீங்கதான் பேசணும்" என்று சொல்லிவிட்டார்.

ஒலிக்கூடத்தில், திரையில் ஓடிய காட்சியைப் பார்த்தபடி ஒலிவாங்கியின் முன் நின்று பந்தலேயோ வாய் திறந்தார். வந்தது ஒத்தோரீனோவின் குரல். மீண்டும் முயன்றார், மீண்டும் அதே கரகரப்பு.

வேடிக்கை பார்க்க வந்திருந்த ஒத்தோரீனோ விழுந்து விழுந்து சிரித்தார். "அடப்பாவி! என்னைவிட நீ நல்லா என்னை மாதிரிப் பேசுற! என் பொழப்புல மண்ணைப் போட்டுடாதடா!"

எல்லாரும் சிரித்தனர். எத்தனையோ முறை முயன்றும் தம் குரல் எங்கே ஒளிந்துகொண்டது என்று பந்தலேயோவுக்கே புலப்படவில்லை.

"சரி, வழக்கம் போல ஒத்தோரீனோவே பேசிடட்டும்" என்று கார்லெத்தி பெருமூச்செறிந்தார்.

"அதுக்கு முன்னாடி மைக்கைச் சரி பாத்துக்கறேன்" என்றார் கண்ணாடிக்கு அப்பாலிருந்த ஒலிப்பதிவாளர். "ஏதாவது சொல்லுங்க பெரியவரே."

"ஒண்ணு... ரெண்டு... மூணு..."

திரையில் இரயில் நகர்ந்துகொண்டிருந்தது. ஈற்று உயிரொலியை விழுங்கும் அந்த மெல்லிய குரல் கூடத்தில் பரவியது. ஒத்தோரீனோ சிரிப்பை நிறுத்தினார்.

"நிறுத்தாதீங்க!" என்று கத்தினார் கார்லெத்தி. "ரயில் பெட்டிகளை எண்ணுங்க. வசனமே வேணாம்!"

கடைசிப் பெட்டியும் கடந்தபின் எண்ண ஏதும் மிஞ்சவில்லை. மூச்சு மட்டுமே கேட்டது.

படம் வெளியானதும் கணவனும் மனைவியும் மொல்ஃபெத்தாவுக்குச் சென்றார்கள். தொப்பியைத் தாழ்த்திக்கொண்டு பின்வரிசையில் அமர்ந்தார் பந்தலேயோ. திரையில் அவர் முகத்தைக் கண்டு அரங்கு சிரித்தது. இரயில் நகர்ந்தது, குரல் எண்ணத் தொடங்கியது. சிரிப்பு அடங்கியது. எங்கோ ஒருவர் மூக்குறிஞ்சினார்.

முன்னிருந்த பெண் தன் கணவனிடம் மெல்லக் கேட்டாள்: "இது அந்த ஆளு குரல் இல்லையே?"

"அதான் தெரியுதே. நம்ம ஊர்க்காரன் எவனையோ பிடிச்சுப் பேச வச்சிருக்காங்க. எவனோ, நல்லாத்தான் பேசியிருக்கான்."

எர்சீலியா எழப் போனார். "சொல்லிடட்டுமாய்யா?"

பந்தலேயோ அவர் கையைப் பற்றி அமர்த்தினார்.

"வேணாம். சொன்னா, நம்ப மாட்டாங்க. எங்க, அந்தக் குரல்ல பேசிக் காட்டும்பாங்க. வாயைத் திறந்தா ஒத்தோரீனோதான் வருவான்."