கானா என்று ஒரே ஒரு தடவை

அம்மையப்பன் அண்ணன் யாரையும் சொந்தப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. துபாய் அல் குசைஸில் எங்கள் லேபர் கேம்ப் மெஸ்ஸுக்கு அவர்தான் சமையல் மாஸ்டர். தட்டோடு முதல் தடவை வரிசையில் வந்து நிற்பவனை ஏற இறங்க ஒரு பார்வை பார்ப்பார். தட்டில் குழம்பு விழுவதற்குள் அவனுக்கு ஒரு பெயரும் விழுந்துவிடும். நெட்டையான நேபாளிக்கு எவரெஸ்ட். எந்நேரமும் லீவு கேட்கும் தஞ்சாவூர்க்காரனுக்கு வெள்ளிக்கிழமை. கண்ணாடி போட்டிருந்த பாவத்துக்கு, பத்தாவதே தாண்டாத பிளம்பர் ஜெயசீலனான நான் வாத்தியார். "அப்பன் ஆத்தா வச்ச பேரு பாஸ்போர்ட்டுக்கு, நான் வச்ச பேரு சோத்துக்கு" என்பார். யாரும் கோபித்துக்கொண்டதில்லை. கரண்டி அவர் கையில் அல்லவா இருந்தது.

ஜெயங்கொண்டத்துப் பக்கத்து ஆள். தொண்ணூற்றிரண்டில் கொத்தனாருக்குக் கலவை தூக்க வந்தவர், முதுகு போனதும் அடுப்படிக்கு மாறினார். சிரித்துக்கொண்டே இருக்கிற மனிதருக்கு ஒரே ஒரு ஆறாத புண் உண்டு. தொண்ணூற்று நான்கில் சூரத்தில் பிளேக் என்று உலகமே அலறியபோது, வளைகுடா நாடுகள் பல இந்தியாவுக்கு விமானத்தை நிறுத்தின. அந்த நேரம் பார்த்து ஊரில் அவருடைய அப்பா இறந்துபோனார். டிக்கெட் ஆபீசில் போய் நின்றிருக்கிறார். ஹிந்த் என்ற வார்த்தையைக் கேட்டதுமே கவுண்டரில் இருந்தவன், "மாஃபி, கலாஸ்" என்று, இல்லை, முடிந்தது என்று, கையை விரித்துவிட்டான். கொள்ளி வைத்தது பங்காளி மகன்.

இந்தக் கதையை அரிசி களையும்போது சொல்வார், வெங்காயம் உரிக்கும்போது சொல்வார். முடிக்கும்போது எப்போதும் ஒரே கேள்விதான். "சூரத்துல எலி செத்தா ஜெயங்கொண்டத்தான் என்னய்யா செய்வான்?" கேம்ப்பில் அதைக் கேட்டுச் சலிக்காதவன் கிடையாது. தமிழ் தெரியாதவர்களுக்கு அதையே இந்தியில் சொல்லுவார். அவருடைய இந்தி அடுப்படி இந்தி, இருந்தாலும் அந்தக் கதை மட்டும் தெளிவாக வரும்.

இரண்டாயிரத்து ஐந்தில் கேட் செக்யூரிட்டியாக ஒருவன் வந்தான். யாவ் மென்சா என்று பெயர். அகன்ற தோள், மெல்லிய குரல். முதல் நாள் தட்டோடு நின்றவனிடம் அண்ணன் வழக்கம்போல ஊரைக் கேட்டார்.

"கானா" என்றான்.

"கானாதான் போடப் போறன். ஊரு எதுன்னு சொல்லுய்யா."

"கானா, பாய். கானா."

பின்னாலிருந்த வரிசை சிரித்தது. எங்கள் கேம்ப்பில் கானா என்றால் சாப்பாடு. வங்காளியோ பட்டாணியோ தமிழனோ, அடுப்படியிலிருந்து "கானா!" என்று சத்தம் வந்தால் தட்டைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவான். போதாததற்கு வியாசர்பாடிப் பையன்கள் தட்டில் தாளம் போட்டுக் கானாப் பாட்டு ஆரம்பித்துவிட்டார்கள். அண்ணன் யோசித்தார். "இவன இந்தப் பேரால கூப்ட்டா கேம்ப்பே சோத்துக்கு வந்து நிக்கும்டா. வாணாம். நீ உகாண்டா." ஆப்பிரிக்காவில் அவருக்குத் தெரிந்த இன்னொரு பெயர் அதுதான். நம் ஊரில் கிண்டலுக்கென்றே நாலைந்து நாடுகளை ஒதுக்கி வைத்திருக்கிறோமே, அதில் ஒன்று.

"நோ உகாண்டா, பாய். உகாண்டா பஹுத் தூர்" என்று அவன் சில நாள் சொல்லிப் பார்த்தான். உண்மைதான். பிறகு ஒரு நாள் மேப்பில் நானே பார்த்தேன். துபாய்க்கும் நம் ஊருக்கும் உள்ள தூரத்தைவிட கானாவுக்கும் உகாண்டாவுக்கும் நடுவில் தூரம் அதிகம். ஆனால் பட்டப்பெயர் ஒட்டினால் ஒட்டியதுதான். கேம்ப் பாஸும் உகாண்டா என்றார், தண்ணீர் லாரிக்காரனும் உகாண்டா என்றான். கொஞ்ச நாளில் அவனே அந்தப் பெயருக்குத் திரும்பிப் பார்க்க ஆரம்பித்தான்.

இரண்டு பேரையும் சேர்த்து வைத்தது கருவாடு. ஒரு வெள்ளிக்கிழமை அண்ணன் தனக்காகக் கருவாட்டுக் குழம்பு வைத்தபோது, மலையாளிகள்கூட மூக்கைப் பொத்திக்கொண்டு ஓட, கேட்டிலிருந்து இவன் ஒருத்தன்தான் வாசம் பிடித்துக்கொண்டு வந்தான். அவன் ஊரிலும் காய்ந்த மீன் இல்லாமல் குழம்பு இல்லையாம். அதிலிருந்து டூட்டி முடிந்தால் அடுப்படியில் உட்கார்ந்து அண்ணனோடுதான் சாப்பாடு. சூரத் கதையைச் சலிக்காமல் கேட்ட ஒரே ஆள் அவன்தான். கதை முடிந்ததும் உச்சுக்கொட்டி, "வெரி பேட், பாய்" என்பான்.

அவனுக்கு ஒரே கனவு டிரைவர் ஆவது. துபாயில் லைசென்ஸ் எடுப்பது லேசுப்பட்ட காரியமில்லை. டெஸ்ட்டில் பெயிலாகிப் பெயிலாகி, கடைசியில் இரண்டாயிரத்து ஏழில் பாஸ் பண்ணிவிட்டான். அண்ணன் மெஸ்ஸுக்கே சேமியா பாயசம் வைத்தார். லீவு முடிந்து வந்ததும் கம்பெனி பிக்கப் அவன் கையில் என்று ஆபீசில் சொல்லியிருந்தார்கள். சந்தோஷமாக ஊருக்குப் போய்க் கல்யாணம் முடித்துக்கொண்டு டிசம்பரில் திரும்பினான். வந்த சில நாளில் காய்ச்சலில் படுத்தான்.

நான் அப்போது ஜெபல் அலி சைட்டிலேயே தங்கி வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். நடந்ததையெல்லாம் அண்ணன் வாயால்தான் கேட்டேன், அதுவும் பல தடவை.

மெஸ்ஸில் டிவி ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. தமிழ்ச் செய்தியில் உகாண்டாவில் எபோலா என்று சொன்னார்கள். ரத்தம் கசியுமாம், தொட்டாலே ஒட்டுமாம் என்று ஆளுக்கொன்று பேச, சாரம் கட்டும் அருள்ராஜ் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தான். "டேய், நம்ம உகாண்டா காய்ச்சலோடதானடா படுத்திருக்கான்! போன வாரம்தான ஊருலேருந்து வந்தான்!"

அவ்வளவுதான். யாவ் தண்ணீர் பிடித்த டிரம்மைக் கவிழ்த்தார்கள். அவன் ரூம்காரர்கள் பாயைச் சுருட்டிக்கொண்டு வராந்தாவுக்கு வந்தார்கள். அந்தப் பெயர் எப்படி வந்தது என்று புது ஆட்களுக்குத் தெரியாது. பழைய ஆட்களுக்கு, அன்று சிரித்தவர்களுக்கு, அது எப்படித்தான் மறந்ததோ! மறக்கவில்லை என்றுதான் நான் நினைக்கிறேன். பயத்துக்கு ஒரு ஆள் வேண்டியிருந்தது, கைக்கெட்டும் தூரத்தில் ஒரு ஆள் இருந்தான்.

அவனோ போர்வைக்குள்ளிருந்து, "மலேரியா, பாய், ஒன்லி மலேரியா" என்று சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறான். அவன் ஊரில் நமக்குச் சளி பிடிக்கிற மாதிரி அது. காதில் வாங்கத்தான் ஆளில்லை.

கேம்ப் பாஸ் ஷேர் முகமது பெஷாவர்க்காரர். போனைக் காதில் வைத்துக்கொண்டே மெஸ் வாசலுக்கு வந்தார். மறுமுனையில் ஆபீஸ். மாஸ்டருக்குத்தான் அவனை நன்றாகத் தெரியும் என்று அண்ணனை முன்னால் தள்ளிவிட்டார்கள்.

"உகாண்டா கா ஆத்மி ஹை நா?" என்று கேட்டார் பாஸ், உகாண்டாக்காரன்தானே என்று.

"நஹி சாப்" என்றார் அண்ணன். "கானா."

"கானா பாத் மே!" என்று கத்தினார் பாஸ். சாப்பாடு அப்புறம், முதலில் இவன் விஷயத்தைச் சொல் என்று எரிந்து விழுந்தார்.

கூட்டம் சிரித்துவிட்டது. அத்தனை பயத்திலும் சிரித்தது. அந்தச் சிரிப்புக்குள்ளேயே யாரோ, "மாஸ்டரும் அவன்கூடத்தானப்பா ஒக்காந்து திம்பாரு" என்றான். சட்டென்று அண்ணனைச் சுற்றி இடம் விழுந்தது. பக்கத்தில் நின்றவன் ஒரு எட்டுத் தள்ளி நின்றான். இத்தனை வருஷம் தன் கையால் போட்டதைத் தின்றவர்கள் தன் கையைப் பார்ப்பதை அவர் பார்த்தார்.

"உகாண்டா, ஹை நா?" என்று பாஸ் மறுபடி கேட்டார்.

அண்ணன் வாயைத் திறக்கவில்லை. பாஸ் போனில், "ஹாங் ஜி, உகாண்டா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

யாவைச் சிமெண்ட் ஸ்டோருக்குப் பின்னால் கிடந்த கன்டெய்னருக்கு மாற்றினார்கள். அண்ணன் கஞ்சி கொண்டுபோய் வாசலில் வைத்துவிட்டுத் தள்ளி நின்றிருக்கிறார். உள்ளே இருப்பவனைக் கூப்பிட வேண்டும். "உகாண்டான்னு கூப்ட நாக்கு வரல ஜெயசீலா. சரி, பேரச் சொல்லுவம்னா பேரே தெரியல. ரெண்டு வருசமா எங்கூட ஒக்காந்து தின்னவன், அவன் பேரு எனக்குத் தெரியலடா." கேட்டில் இருந்த செக்யூரிட்டியிடம் போய்க் கேட்டுக்கொண்டு வந்து, யாவ் என்று கூப்பிட்டாராம். உள்ளேயிருந்து பதிலுக்கு இருமல் மட்டும் வந்தது.

ஒரு வழியாக டாக்டர் வந்து ரத்தம் எடுத்துப் போனார். மலேரியாதான். மாத்திரை கொடுத்ததும் அவன் எழுந்து உட்கார்ந்துவிட்டான். ஆனால் கேம்ப் உட்காரவில்லை. அவன் மெஸ்ஸுக்குள் வந்தால் வேலைக்குப் போகமாட்டோம் என்றார்கள். ஆபீசுக்கு ஒரு செக்யூரிட்டியா, பஸ் பஸ்ஸாகப் போகிற கூலியாட்களா என்று வந்தபோது கணக்கு சுலபம். விசாவை கேன்சல் பண்ணினார்கள்.

பிற்பாடு ஒரு வேலையாக ஆபீசுக்குப் போனபோது அட்மின் சீதாராமன் சாரிடம் இதைக் கேட்டேன். மயிலாப்பூர்க்காரர், தங்கமான மனிதர், குடும்பத்தோடு இருக்கிறார். "பாஸ்போர்ட்டைப் பாத்தப்போதான் கானான்னே தெரிஞ்சுது ஜெயசீலன். அதுக்குள்ள எல்லாம் மேல போயிடுத்து. முன்னாடியே யாராவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே" என்றார். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. பாஸ்போர்ட் பூட்டிக் கிடப்பது அவர் அலமாரியில். ஒருவன் எந்த நாட்டுக்காரன் என்று சமையல்காரன் வந்து சொல்ல வேண்டுமாம்! "சரி சார், கானான்னு தெரிஞ்சப்புறம் நிறுத்தியிருக்கலாமே?" என்று கேட்டேன். "எல்லாம் ஆப்பிரிக்காதானேப்பா" என்றார் சாதாரணமாக.

இதை அண்ணனிடம் சொன்னேன். நீங்கள் சொல்லியிருந்தாலும் அனுப்பித்தான் இருப்பார்கள், விடுங்கள் என்றேன். ஆறுதலாக இருக்கும் என்று நினைத்தேன். அவர் அரிவாள்மனையில் நறுக்குவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

"அனுப்பட்டும்டா. நான் ஒரே ஒரு தடவதான சொன்னன்? சிரிச்சி முடிச்சதும் இன்னொரு தடவ சொல்லியிருக்கணும். எங்கப்பன் செத்தப்ப, அந்தக் கவுண்டர்ல ஒரே ஒருத்தன் எனக்காக வாயத் தொறக்க மாட்டானான்னு நின்னவன்டா நான்."

யாவ் கிளம்பிய நாளையும் அவர்தான் சொன்னார். அவன் ஓட்டவேண்டிய அதே பிக்கப் கேட்டில் நின்றது, வேறு ஆள் ஓட்டினான். அண்ணன் ஒரு பொட்டலம் கருவாடு கட்டிக்கொண்டு போயிருக்கிறார். கை கொடுக்கலாமா வேண்டாமா என்று இவர் தயங்குவதைப் பார்த்து, அவனே இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டானாம். அது எபோலா இல்லை என்று அத்தனை பேருக்கும் தெரிந்த பிறகும். பொட்டலத்தை சீட்டில் வைக்கச் சொன்னான். வண்டியில் ஏறி உட்கார்ந்து, ஜன்னல் வழியாக, "சூரத், பாய்" என்றான். "சூரத்."

"கோவமா சொல்லியிருந்தா தாங்கியிருப்பன்டா" என்றார் அண்ணன். "எனக்கு ஆறுதல் சொல்ற மாதிரி சொன்னான்." சொல்லிவிட்டுத் தோள் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். அவர் அழுது நான் பார்த்தது அப்போதுதான்.

அதற்கப்புறம் சூரத் கதையை யாரும் அவர் வாயால் கேட்டதில்லை. புதிதாக வரிசையில் நிற்பவனிடம் பெயரைக் கேட்பார், ஊரைக் கேட்பார், சரியாக வரும்வரை திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்ப்பார். பின்னால் நிற்பவர்கள் பசியில் திட்டுவார்கள். என்னையும் வாத்தியார் என்று கூப்பிடுவது நின்றுபோனது.

சாப்பாடு ரெடியானால் இப்போது அவர் சத்தம் கொடுப்பதில்லை. கரண்டியால் அண்டாவைத் தட்டுவார். புதிதாக வந்த வங்காளி ஹெல்பர் ஒருவன் அது தெரியாமல், வாசலில் நின்று "கானா! கானா!" என்று கூவினான். அண்ணன் அடுப்பை விட்டு ஓடிப்போய் அவன் வாயைப் பொத்தினார். பையன் மிரண்டுபோனான். என்ன தப்பு செய்தேன் மாஸ்டர் என்று கேட்டான்.

"சோத்துக்கு அப்பிடிச் சொல்லாத" என்றார் தன் அடுப்படி இந்தியில். "அது ஒரு ஆளோட ஊரு."