பனி மிருகத்தின் பின்னங்கால்

போன ஞாயிற்றுக்கிழமை காலை. மயிலாப்பூர் வெயிலில் பனியன் நனைய உட்கார்ந்துகொண்டு, நான் ஒரு பனிமலையில் வேட்டையாடிக்கொண்டிருந்தேன்.

சிரிக்காதீர்கள். ரிட்டயர் ஆனவனுக்கு வீடியோ கேம் கூடாதா என்ன? மகள் நித்யா பெங்களூரிலிருந்து ஆடுவாள், நான் இங்கிருந்து. காதில் ஹெட்செட். வாரத்தில் அவளோடு நிதானமாகப் பேசக் கிடைப்பது அந்த ஒரு மணி நேரம்தான்.

நாங்கள் துரத்துவது பனிக்குகையில் வாழும் தந்தமுள்ள ஒரு மிருகம். நான்கு வாரமாகத் தோற்றிருக்கிறோம். இருவரும் சேர்ந்து மூன்று முறை மயங்கி விழுந்தால் வேட்டை முடிந்தது. அன்று ஏற்கெனவே இரண்டு முறை ஆகிவிட்டது... இரண்டுமே நான்தான்.

இதில் ஒரு விசேஷம். மிருகத்துக்கு எவ்வளவு தெம்பு பாக்கி என்று திரையில் காட்டாது. நடையைப் பார்த்து நாமேதான் தெரிந்துகொள்ள வேண்டும்.

"அப்பா, பின்னங்காலைப் பாரு. இழுத்து இழுத்து நடக்குது. இனிமே அடிக்காதே, பொறி வெச்சுப் புடிச்சிடலாம்."

"நான் அப்பவே பாத்துட்டேன்மா. அது இடம் மாறும்போதே சந்தேகம்" என்றேன் பெருமையாக.

அப்போது என் மனைவி வசந்தா மோர் கொண்டுவந்து வைத்துவிட்டுத் திரும்பினாள். ஒரு கை ஃபிரிட்ஜைப் பிடித்தது. அப்புறம் சுவரை. வலது கால் இழுத்து இழுத்து...

"வசந்தா, கால்ல என்ன?"

"முட்டி வலி. ரெண்டு மாசமா இருக்கு. நீங்க ஆடுங்க."

இரண்டு மாதம். சாயங்காலம் கோயிலுக்குப் போவதை நிறுத்தினாள். வெயில் என்று நினைத்தேன். மாடவீதிக்குப் போய்ப் பொறுக்கி வாங்குகிறவள், காய்கறியை மொபைலில் ஆர்டர் செய்தாள். மாடர்ன் ஆகிவிட்டாய் என்று பாராட்டினேன். பாராட்டினேன்! வெட்கமாக இருந்தது.

கையிலிருந்த கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டேன். மிருகம் சும்மா இருக்குமா? மூன்றாவது மயக்கம்.

"இன்னும் ஒரு பொறிதான்ப்பா பாக்கி. என்ன ஆச்சு?"

"அம்மா நொண்டறாம்மா."

"அம்மாகிட்ட தினமும் போன்ல பேசறேனே. ஒண்ணுமே சொல்லலையே" என்றாள். போனில் குரல் நொண்டுமா?

மறுநாள் டாக்டரிடம் புறப்பட்டோம். எங்கள் வீடு இரண்டாவது மாடி, லிஃப்ட் கிடையாது. அவள் ஒவ்வொரு படியாக இறங்க, நான் அவள் காலையே பார்த்தபடி கூட இறங்கினேன்.

"என்ன, அப்படிப் பாத்துக்கிட்டே வரீங்க?"

"நடையைப் பாக்கறேன்."

"பொறி எதுவும் வெச்சிடாதீங்க" என்றாள்.

அடுக்களையில் இருந்துகொண்டே, என் ஆட்டத்தை அவள் வாராவாரம் கவனித்துக்கொண்டுதான் இருந்திருக்கிறாள்.