வலத்த மாடு, இடத்த மாடு

அன்று பள்ளிக்கூடத்து ஆபீஸ் அறையில் நான் ஒரே ஒரு வார்த்தை எடுத்துக் கொடுத்திருந்தால் என் மகளுக்கு இடம் கிடைத்திருக்குமா? ஒரு வருடம் ஆகப்போகிறது. எனக்கு இன்னும் விடை தெரியவில்லை.

திருப்பூரில் ஒரு லைன் வீட்டில் குடியிருக்கிறோம். என் கணவர் பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர். பக்கத்து வீட்டுக்காரர் மாட்டுவண்டி வைத்திருக்கிறார். பனியன் துணியை ஏற்றிச் சாயப்பட்டறைக்குக் கொண்டுபோவது அவர் வேலை. வண்டியைப் பூட்டுவதும் அவிழ்ப்பதும் எங்கள் ஜன்னலுக்கு நேர் எதிரே. அதனால் மூன்று வயதில் என் மகளுக்கு வந்த பேச்செல்லாம் மாட்டுப் பேச்சு. வெளுப்பாக எதைக் கண்டாலும் மயிலை, சிவப்பாக இருந்தால் செவலை. நுகத்தில் வலப்பக்கம் நிற்பது வலத்த மாடு, இடப்பக்கம் நிற்பது இடத்த மாடு. கடைவீதிக்குப் போனால் எங்கள் இருவர் கையையும் பிடித்துக்கொண்டு, "அப்பா வலத்த மாடு, அம்மா இடத்த மாடு, ஹை ஹை" என்பாள். நாங்கள் பக்கம் மாறி நடந்தால் அதையும் உடனே மாற்றிச் சொல்வாள். ஒருநாளும் தப்பாது.

நான் பிளஸ் டூ படித்தவள். பள்ளியில் பரிசாக வாங்கிய அகராதி ஒன்று வைத்திருக்கிறேன். அதில் எருது என்றால் காளை, காளை என்றால் எருது என்று போட்டிருந்தது. ஒருநாள் வண்டிக்காரரிடம், "ஏனுங்க, உங்க காளைக்கு என்ன வயசாச்சுங்க?" என்று கேட்டேன்.

"காளையா? இது எருதுங்க அம்மிணி. காளையப் பூட்டுனா வண்டி சாயப்பட்டறைக்கா போகும்? ஊர் மேயப் போயிருமுங்க."

"அகராதியில ரெண்டும் ஒண்ணுன்னுதானுங்க போட்டிருக்குது."

"அப்ப அத எழுதுனவரு வண்டி ஓட்டுனதில்லீங்க. வித்தியாசத்த எப்படிங்க உங்ககிட்டச் சொல்றது? ஊட்டுக்காரரக் கேட்டுக்கங்க" என்று சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்தபடி தண்ணீர்த் தொட்டிப் பக்கம் போய்விட்டார்.

காயடித்தால்தான் காளை எருதாகும் என்று சொல்லி, என் கணவர் அன்று சாப்பிட்டு முடிக்கும்வரை சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வெளியில் சொல்லமுடியாததெல்லாம் குழந்தை வாயில் வந்துவிடுமோ என்று பயந்தேன்.

பயந்தபடியே நடந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை கம்பெனி மேனேஜர் எங்கள் வீட்டுக்கு வந்தார். காபி குடித்துவிட்டு நாற்காலியில் சாய்ந்தவர் எழுந்திருக்கிற வழியாக இல்லை. மகள் அவரை ஒரு சுற்றுச் சுற்றிவந்து பார்த்தாள்.

"அப்பா, சண்டி மாடு படுத்துக்கிச்சுங்க. வாலை முறுக்குங்க."

அவரும் சிரித்தார். சிரித்துக்கொண்டே செருப்பைத் தேடினார். அவர் போனதும் அகராதியைப் புரட்டினேன். சண்டி என்றால் முரண்டு பிடிக்கும் மாடு, அடங்காத ஆள். என் கணவரின் வேலைக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்று ஒரு வாரம் தூக்கமில்லை. ஒன்றும் ஆகவில்லை. ஆனாலும் ஜன்னலைச் சாத்தினேன். இனி மாட்டு வார்த்தை ஒன்றுகூட வரக்கூடாது என்றேன். மீறிச் சொன்னபோது இரண்டுமுறை அடித்தேன். அதற்குப் பதிலாக ரைட், லெஃப்ட், வலது, இடது என்று மூன்று மாதம் சொல்லிக்கொடுத்தேன். சொன்னால் திருப்பிச் சொல்வாள். கேள்வியாகக் கேட்டால் என் முகத்தைப் பார்ப்பாள்.

எல்.கே.ஜி. சேர்க்கைக்குக் கூட்டிப்போனோம். டீச்சர் அன்பாகத்தான் கேட்டார். "ரைட் ஹேண்ட் காட்டு கண்ணு." மகள் என்னைப் பார்த்தாள். "வலது கை எதும்மா?" என்று டீச்சர் தமிழிலும் கேட்டார். மகள் இரண்டு கையையும் பின்னால் மறைத்துக்கொண்டாள். ஏதோ சொல்லவந்து வாயை மூடிக்கொண்டாள். வலது என்பதும் அடி வாங்கித் தரும் வார்த்தைதான் என்று நினைத்தாளோ என்னவோ. வலத்த மாடு எந்தப் பக்கம் என்று நான் கேட்டிருந்தால் கையை நீட்டியிருப்பாள். கதவருகே காரில் வந்த பெற்றோர்கள் நின்றிருந்தார்கள். நான் கேட்கவில்லை.

"கொஞ்சம் ஸ்லோவா இருக்கா. காது டெஸ்ட் பண்ணிப் பாருங்க. அடுத்த வருஷம் கூட்டிட்டு வாங்க" என்றார் டீச்சர்.

கேட்டைத் தாண்டியதும் மகள் என் சேலையை இழுத்தாள். வலது கையைக் கொஞ்சமாகத் தூக்கி, காதோடு கேட்டாள்: "வலத்த மாட்டுக் கை இதுதானுங்களேம்மா? இப்பச் சொல்லலாமுங்களா?"

காதில் குறை ஒன்றும் இல்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஜன்னலைத் திறந்துவிட்டேன். என்ன வேண்டுமானாலும் பேசு என்றும் சொல்லிவிட்டேன். ஆனால் இன்றுவரை அவள் எதைச் சொல்வதற்கு முன்னும், "சொல்லலாமுங்களா?" என்று கேட்கிறாள், தண்ணீர் வேண்டும் என்பதற்குக்கூட.

இன்னும் இரண்டு மாதத்தில் மறுபடி அதே டீச்சர் முன்னால் போய் நிற்கவேண்டும். நான் முந்திக்கொண்டு வண்டிக்காரர் வார்த்தையில் கேட்டால், படிக்காத வீட்டுப் பிள்ளை என்று ஒதுக்குவார்களோ? பேசாமல் இருந்தால் போன வருடம் போலவே ஆகிவிடுமோ? அல்லது நான் உள்ளே போகாமல் அவள் அப்பாவை அனுப்பினால்தான் அவளுக்கு வாய் திறக்குமோ? பிள்ளை வளர்த்தவர்கள் யாராவது இதைப் படித்தால், நான் என்ன செய்யட்டும் என்று தயவுசெய்து எழுதுங்கள்.