பிரேக் நாளிலும் வேலைக்குப் போனவள்

கேரள எல்லையோரம் கோவிந்தாபுரத்திலிருந்து உள்ளே தள்ளியிருக்கும் ஓர் அரசு மாட்டாஸ்பத்திரியில் பதினாறு வருஷமாக நான் தினக்கூலி. கூட்டுவது, கழுவுவது, ஊசி போடும்போது மாட்டின் மூக்கணாங்கயிற்றைப் பிடிப்பது எல்லாம் என் வேலை. பன்னிரண்டாவது படித்துத் தொலைத்ததால் சீட்டு எழுதுவதும் என் தலையில்தான். கடுதாசியில் மட்டும் நான் 'தற்காலிகம்'. பதினாறு வருஷத் தற்காலிகத்தை நீங்கள் எங்காவது பார்த்ததுண்டா?

அதற்கு ஒரு சூட்சுமம் வைத்திருந்தார்கள். ஆறு மாதம் தொடர்ந்து ஓடிவிட்டால் நிரந்தரம் கேட்போம் என்று, அதற்கு ஒரு நாள் முன்னதாக எங்களை நிறுத்திவிடுவார்கள். மூன்று நாள் கழித்துப் புதிதாகச் சேர்வதுபோல மறுபடி எடுப்பார்கள். வருகைப் பதிவேட்டில் அந்த மூன்று கட்டங்களிலும் சிவப்பு மையில் 'பிரேக்' என்று எழுதியிருக்கும். வேடிக்கை என்னவென்றால், அந்த மூன்று நாளும் நான் வேலைக்குப் போவேன். கையெழுத்து மட்டும் போட மாட்டேன். யாரும் என்னை மிரட்டவில்லை. வீட்டில் உட்கார்ந்தால் வேறொருத்தி வந்து துடைப்பத்தைப் பிடித்துக்கொள்வாளோ என்று பயம். நல்ல பெயர் வாங்கும் ஆசையும்தான், அதை ஏன் மறைக்க வேண்டும்? என்னைப் போன்ற கூறுகெட்டவர்கள் இன்னும் எத்தனை பேரோ.

போன வருஷம், நெடுநாள் தற்காலிகக்காரர்களின் மனுக்களை விசாரிக்க ஜில்லா ஆபீசுக்கு அழைத்தார்கள். வயது வரம்பைத் தொட எனக்கு ஒரே வருஷம் பாக்கி. இதை விட்டால் சாகும்வரை தினக்கூலிதான். பதிவேட்டோடு எங்கள் மலையாளத்து டாக்டரும் வந்திருந்தார்.

விசாரித்த அதிகாரியம்மா சிவப்புக் கட்டங்களில் விரலை வைத்தார். "இந்த நாளிலெல்லாம் எங்க இருந்தீங்க?"

வேலைக்கு வந்தேன் என்றால் எனக்கு நல்லது, இடைவெளியே இல்லை என்றாகும். ஆனால் பிரேக் நாளில் வேலை வாங்கியதற்கு டாக்டர் பதில் சொல்ல வேண்டிவரும். அவருக்குப் பென்ஷனுக்கு எட்டு மாதம்தான் இருந்தது. திரும்பிப் பார்த்தேன். மனுஷன் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். என் மகளுக்கு இடுப்புவலி எடுத்தபோது பாலக்காட்டுக்குத் தன் காரில் கொண்டுபோனவர் அவர்.

"ஊட்டுல இருந்தனுங்க" என்றேன்.

வெளியே காத்திருந்த என் கணவர் விஷயத்தைக் கேட்டதும் தலையில் அடித்துக்கொண்டார். "ஏம்புள்ள, உனக்கு அறிவிருக்குதா? வாயில வந்த சோத்தைத் துப்பீட்டு வந்து நிக்கறயே!" டாக்டர் எங்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தார். அவர்மேல் எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. 'வந்தாள்' என்று ஒரே ஒரு வார்த்தையை அவரே சொல்லியிருக்கலாமே!

இரண்டு மாதத்தில் மனு தள்ளுபடியாகி வந்தது. தொடர்ச்சியான சேவை இல்லையாம்.

அடுத்த பிரேக் வந்தபோது வீட்டிலேயே இருந்தேன், பதினாறு வருஷத்தில் முதல் தடவையாக. துணி துவைத்தேன், அரிசி புடைத்தேன், எதிலும் கை ஓடவில்லை. பத்து மணிக்கு டாக்டர் போன் செய்தார். ஒரு மாட்டுக்குக் கன்று குறுக்கே கிடக்கிறது, கூடப் பிடிக்க ஆளில்லை, ஓடி வா என்றார். மாட்டேன் என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். மனசு கேட்கவில்லை. அந்த வாயில்லா ஜீவன் என்ன பாவம் செய்தது?

போனேன். மாடு கால் உதறிக்கொண்டு கிடந்தது. மாட்டுக்காரர் என்னைப் பார்த்து, "வந்துட்டயா தாயி!" என்று கையெடுத்துக் கும்பிட்டார். நான் நேரே டாக்டரின் அறைக்குள் போய்ப் பதிவேட்டை எடுத்தேன். சிவப்பு மையின்மேலேயே என் முழுப்பெயரையும் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

டாக்டர் வாசலில் நின்று பார்த்தார். "இன்னிக்கு பிரேக் அல்லே?" என்றார்.

"அது அந்த மாட்டுக்குத் தெரியாதுங்களே சார்" என்றேன். சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, கன்றை இழுக்கக் கயிற்றை எடுத்தேன்.