அளக்கும் நாளில் தலைமுடி

சிறு வயதில் என்னைக் கிளினிக்குக்குக் கொண்டுபோகும் நாட்களில் அம்மா என் உச்சந்தலையில் இறுக்கிக் கொண்டை கட்டிவிடுவார். உயரம் அளக்கும் பலகையின் மேற்கட்டை கொண்டையில் முட்டினால் வளர்ச்சி அட்டையில் இரண்டு விரல் கூடுதலாக விழும் என்பது அவருடைய எண்ணம். மருத்துவமாது ஒவ்வொரு முறையும் அதை அவிழ்த்துவிட்டுத்தான் அளந்தார். அம்மா அடுத்த முறையும் கட்டினார். என் கோடு அட்டையின் அடியிலேயே கிடந்தது.

இப்போது எனக்கு முப்பது வயது. ஆரையம்பதியில், வாவிக்கரை வீட்டில், கை மெசினைத் தரையில் வைத்துத் தைக்கிறேன். மூன்று வயதுப் பிள்ளையின் சட்டை எனக்கு அளவாக இருக்கும்.

சென்ற வருடம் ஏறாவூரிலிருந்து ஓர் இளைஞர் கைபேசியும் அளவுநாடாவுமாக வந்தார். யூடியூப் சேனல் நடத்துகிறவராம். உலகிலேயே குள்ளமான பெண் என்று என்னைச் சாதனைப் புத்தகத்தில் பதியலாம் என்று அம்மாவிடம் சொன்னார். என்னிடம் யாரும் கேட்கவில்லை. அம்மா எண்ணெய்ப் போத்தலை எடுத்துவந்து என் முடியைப் படியப் படிய வாரினார்.

சுவரோடு ஒட்டி நின்றேன்.

“முழங்காலக் கொஞ்சம் மடக்கு மகள்,” என்று அம்மா காதுக்குள் சொன்னார்.

நான் மடக்கவில்லை. நன்றாக நிமிர்ந்தேன்.

நாடாவை இரண்டு தரம் பார்த்துவிட்டு இளைஞர் கைபேசியைப் பைக்குள் வைத்தார். “சரிவராது அக்கா. இதுக்கு நீங்க ஒரு சாண் உயரம் கூட.”

அம்மாவின் முகம் வாடிவிட்டது. என்னை உயரம் என்று சொன்ன ஒரே மனிதர் அந்த இளைஞர்தான். இருந்து தேத்தண்ணி குடித்துவிட்டுப் போகச் சொன்னேன்.