முன்வரிசையில் இருந்த அக்கா

அக்கா அன்று அரக்கு நிறப் பட்டுச்சேலை கட்டி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். திண்டுக்கல்லில் நான் படித்த கல்லூரியில் எனக்குப் பாராட்டு விழா. காது எப்படிக் கேட்கிறது என்பதை வெளிநாட்டில் இருபத்தைந்து வருடமாக ஆராய்கிறவன் என்று என்னைப் புகழ்ந்தார்கள். நானும் தமிழிலேயே ஒரு மணி நேரம் பேசினேன். உள்காதில் நத்தை ஓடு போலச் சுருண்டிருக்கும் குழலையும், அதற்குள் தலையில் மெல்லிய இழைகளோடு வரிசையாக நிற்கும் செல்களையும், ஒலி வந்து அந்த இழைகளைச் சாய்க்கும்போது மூளைக்குச் சேதி போவதையும் படம் போட்டுக் காட்டினேன். பேரிரைச்சலில் வைத்த சுண்டெலியின் காதைக் காட்டி, "மழையில சாஞ்ச சோளப்பயிர் மாதிரி கிடக்கு பாருங்க. இந்தப் பயிர் மறுபடி முளைக்காது" என்றேன். கூட்டம் உச்சுக் கொட்டியது. அக்கா மட்டும் சிரித்துக்கொண்டிருந்தாள். கவனிக்கவே இல்லையே என்று மேடையிலேயே எனக்கு எரிச்சல் வந்தது.

எரியோட்டில் அவள் வீட்டுக்குப் போனதும், அடுப்படியில் முதுகு காட்டி நின்றவளிடம், பேச்சு எப்படி இருந்தது என்று கேட்டேன். "சோத்துக்கு வெஞ்சனம் இன்னும் வேகல அப்பு, செத்த நேரம் இரு" என்றாள். "உன்கிட்டப் பேசுறதுக்குச் சுவத்துக்கிட்டப் பேசலாம்" என்றேன். தண்ணீர் கொண்டுவந்த அவள் மகள் நின்றுவிட்டாள்.

"மாமா, அம்மாவுக்குக் காது கேக்காது. உங்களுக்குத் தெரியும்னுல்ல நெனச்சேன்."

"எம்புட்டு நாளா?"

"நாலஞ்சு வருசமாவே மோசம். வாயப் பாத்துத்தான் புரிஞ்சுக்கும். நீங்க மைக்க வாய்க்கு நேரா வச்சுக்கிட்டுல்ல பேசுனீங்க."

அப்பா இறந்தபோது அக்காவுக்குப் பதினேழு வயது. பள்ளியை விட்டு நூல் மில்லுக்குப் போனாள். ஓடும் எந்திரங்களுக்கு நடுவே நடந்துகொண்டே அறுந்த நூலைப் பிணைக்கும் வேலை. அந்த இரைச்சலில் பெண்கள் ஒருவர் வாயை ஒருவர் பார்த்துத்தான் பேசிக்கொள்வார்கள் என்று அவளே சொல்லியிருக்கிறாள். நான் ஒரு சுண்டெலியை இரண்டு மணி நேரம் இரைச்சலில் வைக்க வேண்டுமென்றால் விலங்குச் சோதனைகளைக் கண்காணிக்கும் குழுவுக்கு எழுதி அனுமதி வாங்க வேண்டும். அக்கா தினமும் எட்டு மணி நேரம், இருபது வருடத்துக்கு மேல் அதில் நின்றாள். சமீப வருடங்களில் போனில் நான் ஒன்று கேட்க, அவள் வேறொன்று சொல்வாள். அவளுக்கு அக்கறை போய்விட்டது என்று முடிவுகட்டிப் பேச்சைக் குறைத்துக்கொண்டேன். காதைத் தவிர வேறெதையும் படிக்காத நான்.

இதைவிடக் கேவலமான ஒன்று உண்டு. சொல்லாமல் விட்டால் இதுவரை எழுதியதெல்லாம் பொய்யாகிவிடும். அதற்கும் பல வருடம் முன்னால் ஒருநாள் காலையில் அவள் போன் செய்தாள். "அப்பு, காதுக்குள்ள வண்டு கெணக்கா ஒரே இரைச்சலா இருக்கு. வீட்டுக்கு வந்தாலும் நிக்க மாட்டேங்குது. நீ காதப் பத்தித்தானே படிக்கிறே?" ஒரு கட்டுரைக்கான படங்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்தேன். "நான் வைத்தியன் இல்லக்கா. நல்லாத் தூங்கு, சரியாப் போகும்" என்று வைத்துவிட்டேன். காதில் அடைத்துக்கொள்ள இரண்டு பஞ்சடைப்பான்களை அன்றைக்கே அனுப்பியிருந்தால்கூட மிச்சம் இருந்ததைக் காப்பாற்றியிருக்கலாம்.

மறுநாளே அவளைத் திண்டுக்கல்லுக்கு அழைத்துப்போய்ப் பரிசோதிக்க வைத்தேன். சத்தம் கேட்டால் பொத்தானை அமுக்கச் சொன்னார்கள். அக்கா கண்ணாடிக்கு அப்பாலிருந்து என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், எப்போது அமுக்கலாம் என்று நான் கண்ணால் சொல்லிவிடுவேன் என்பது போல. நான் தரையைப் பார்த்தேன். முடிவுத்தாளில் கேட்கும் திறனைக் காட்டும் கோடு செங்குத்தாக இறங்கிக் கிடந்தது. இரண்டு காதுக்கும் கருவி பொருத்தினார்கள். திரும்பும் வழியில், "பஸ்ஸு மில்லு மாதிரி கத்துது அப்பு" என்று அவள் அதைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

வீட்டில் கருவியை மறுபடி மாட்டச் சொல்லி, அவள் எதிரில் தரையில் உட்கார்ந்து அந்தப் போன் பேச்சைச் சொன்னேன். "மன்னிச்சிரு அக்கா" என்றேன். அவளுக்கு அது மறந்திருக்க வேண்டும் என்று உள்ளுக்குள் வேண்டிக்கொண்டேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

அக்கா கோபமே இல்லாத குரலில் சொன்னாள்:

"மறக்கல அப்பு. அப்ப எனக்குக் காது நல்லாத்தான் கேட்டுச்சு. நீ சொன்னது முழுசும் கேட்டுச்சு."

எழுந்து போய் உலை வைத்தாள்.

மூன்று வருடமாகிறது. வாரந்தோறும் வீடியோவில் அழைக்கிறேன். வெளிச்சத்தில் உட்கார்ந்து, வாய் தெரிய, நிறுத்தி நிறுத்திப் பேசுகிறேன். மழை பெய்யாதது, மகளுக்கு வரன் பார்ப்பது, முருங்கைக்காய் விலை என்று எல்லாம் சொல்கிறாள். காதைப் பற்றி மட்டும் அவள் என்னிடம் இதுவரை ஒரு வார்த்தை கேட்டதில்லை.