நசீமா போட்ட பேருந்துக் கணக்கு

கடைத்தெருவில் இருக்கும் ஒரு ரூபாய் போனிலிருந்து லாவண்யா என் அப்பாவின் செல்லுக்கு அழைத்தாள். "கவி, நசீமா செத்துட்டாடி" என்றாள். நான் சிரித்துவிட்டேன். பத்தாம் வகுப்பு பி பிரிவில் நாற்காலியில் பசை, டிபன் பாக்ஸில் ரப்பர் பல்லி எல்லாமே என் உபயம். அதற்குப் பழிவாங்குகிறாள் என்று நினைத்து, "இது ரொம்ப ஓவருடி" என்றேன். மறுமுனையில் அழுகை நிற்கவில்லை. காசு தீர்ந்து இணைப்பு அறுந்தது. மஞ்சள் காமாலை. அரையாண்டு விடுமுறை முடிவதற்குள் அவள் முடிந்துபோயிருந்தாள்.

அவள் நல்லவள் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அதை வகுப்பின் இந்த நினைவு நோட்டில் ஆளுக்கு ஒரு பக்கம் நீங்களே எழுதிவிட்டீர்கள். எனக்கு அவள்மேல் பொறாமை. இறந்தவர்மேல் பொறாமைப்படக் கூடாதாம். நான் அவள் இருக்கும்போதே தொடங்கிவிட்டதால் எனக்கு விதிவிலக்கு உண்டு.

காரணம் கணக்குதான். ஒரு மண்டபத்துக்கு மொத்தமாக இவ்வளவு வாடகை, இன்னொன்றில் ஆளுக்கு இவ்வளவு, எத்தனை பேர் வந்தால் எது லாபம் என்று சார் வாக்கியக் கணக்கு கொடுப்பார். வகுப்பிலேயே வேகமான கை என்னுடையது. நசீமாவின் குடும்பம் பழவேற்காட்டிலிருந்து கும்மிடிப்பூண்டிக்கு வந்து துணிக்கடை வைத்திருந்தது. அவள் பேனா மூடியைக் கடித்துக்கொண்டு ஏதாவது கேட்பாள். என் சரியான விடைக்கு சார் "ம்" என்பார். அவள் கேள்விக்கு முகமெல்லாம் சிரிப்பார். எரியுமா, எரியாதா?

மாமல்லபுரச் சுற்றுலாவில் அந்தக் கணக்கு நிஜமாகவே வந்தது. ரயிலும் டவுன் பஸ்ஸும் மாறிப் போனால் ஆளுக்கு எழுபது ரூபாய். தனிப் பேருந்து என்றால் எத்தனை பேர் ஏறினாலும் இரண்டாயிரத்து நூறு. பெயர் கொடுத்தவர்கள் இருபத்தெட்டு பேர். சார் கரும்பலகையில் எழுதி முடிக்குமுன் எழுந்துவிட்டேன்.

"முப்பது பேருன்னா ரெண்டும் ஒண்ணு சார். நாம இருபத்தெட்டு. பஸ்ஸுன்னா ஆளுக்கு எழுபத்தஞ்சு ஆவுது. ரயிலே போதும். தலைக்கு எழுபது, தலைவலி இலவசம்!"

வகுப்பு சிரித்தது. அவளை முந்திவிட்டேன் என்று உட்கார்ந்தேன். முன் பெஞ்சிலிருந்து அவள் திரும்பி, எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னாள்.

"வர்றவங்கள எண்ணிட்டே. வராதவங்கள எண்ணுனியா?"

"வராதவங்களுக்கு இன்னாத்துக்குடி டிக்கெட்டு?"

"ரயிலுக்குத்தான் டிக்கெட்டு. பஸ்ஸுல சீட்டு சும்மாதான போவுது? நாம வாடகைய குட்த்துட்டா, மேல மூணு பேரு ஏறுனா அவன் இன்னா கேக்கப்போறான்?"

பெயர் கொடுக்காத மூன்று பேர் கடைசி பெஞ்சில் இருந்தார்கள். தொழிற்பேட்டையில் அப்பாக்களுக்கு ஒப்பந்த வேலை நின்றுபோனதால் பணம் கேட்கவே வீட்டில் வாய் திறக்காதவர்கள். அவர்களையும் சேர்த்தால் முப்பத்தொரு பேர். ரயிலுக்கு இரண்டாயிரத்து நூற்று எழுபது. பேருந்துதான் மலிவு. என் கணக்கில் தப்பில்லை. ஆனால் அதில் அந்த மூன்று பேரும் இல்லை.

அந்த மூவரைப் பற்றி அவள் வகுப்பில் வாயே திறக்கவில்லை. எழுந்து நின்று, "பஸ்ஸே வெச்சிக்கலாம் சார். ரயிலுன்னா கவி யாரையாச்சும் பேசின் பிரிட்ஜு ஸ்டேஷன்ல எறக்கி உட்டுட்டு டாட்டா காட்டுவா" என்றாள். எனக்கு விழுந்ததைவிடப் பெரிய சிரிப்பு. இருபத்தெட்டு பேரும் ஐந்து ரூபாய் கூடுதலாகக் கொடுத்தோம். மணி அடித்ததும் அவள் கடைசி பெஞ்சுக்குப் போய், "சீட்டு காலியா கெடக்கு, வாங்கடி" என்றாள். கணக்கு என் ஏரியா, நக்கலும் என் ஏரியா. ஒரே பாடவேளையில் இரண்டையும் பிடுங்கிக்கொண்டாள். போகும் வழியெல்லாம் அந்த மூவரும் அவளை ஒட்டி உட்கார்ந்து பாடினார்கள். நான் ஓட்டுநர் பக்கத்தில் உட்கார்ந்து, இது எனக்கு ஏன் தோன்றவில்லை என்று வெந்துகொண்டிருந்தேன்.

துக்கம் கேட்கப் போனபோதும் அப்படித்தான். அவள் அம்மா அந்த மூவரையும் பெயர் சொல்லிக் கட்டிக்கொண்டு அழுதார். என்னைப் பார்த்து, "நீ எந்தப் பொண்ணும்மா?" என்றார்.

"கணக்குல அவளுக்குப் போட்டியே இவதான்மா" என்றாள் லாவண்யா.

"போட்டியா? அப்பிடி யாரும் இருக்குறதா அவ சொல்லலியேம்மா."

அந்த வீட்டில் நான் அழுதது எதற்காக என்று இன்றுவரை எனக்குச் சரியாகத் தெரியவில்லை.

பள்ளி திறந்துவிட்டது. இப்போது வகுப்பில் எல்லாக் கணக்கையும் நானே முதலில் முடிக்கிறேன். முடித்துவிட்டு, விட்டுப்போனது யார் என்று கேள்வியை மறுபடி படிக்கிறேன். அவளுக்கு அது முதலிலேயே தெரிந்திருக்கும் என்று நினைக்கும்போது மறுபடியும் எரிகிறது.

அவள் சிரிப்பு, கையெழுத்து, பெருநாள் பிரியாணி எல்லாவற்றையும் நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள். நான் வைத்துக்கொள்வது இந்தப் பொறாமையை. அவள் இருந்திருந்தால் பதினோராம் வகுப்பிலாவது ஒருமுறை முந்தி இதைத் தொலைத்திருப்பேன். இனி முடியாது. அவள் அம்மாவுக்குக்கூடத் தெரியாத அந்தப் போட்டியில் இரண்டாம் இடம் என்னுடையது. அதைக் கேட்டு யாரும் வராதீர்கள்.